பாட்டு முன், படம் பின்: கோமோன் நிறுவனத்தின் ஒலிக்காட்சிகள்

திரையில் பாட்டு ஒலிக்கத் தொடங்கியது 1927-இல் வெளிவந்த ‘தி ஜாஸ் சிங்கர்’ படத்தோடுதான் என்ற கருத்துப் பரவலாக நிலவுகிறது. அதற்குக் கால் நூற்றாண்டு முன்பே, பிரான்சின் கோமோன் நிறுவனம் புகழ்பெற்ற பாடல்களைக் குறும்படங்களாக்கத் தொடங்கிவிட்டது. ‘ஃபோனோசேன்’ (ஒலிக்காட்சி) எனப்பட்ட இப்படங்களின் வடிவத்தைப் பாட்டு எவ்வாறு தீர்மானித்தது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

லியோன் கோமோன் 1902 நவம்பரில் தம் ‘குரோனோஃபோன்’ கருவியைப் பாரிசில் இயக்கிக் காட்டினார். இசைத்தட்டுக் கருவியையும் படவீழ்த்தியையும் மின்வழி இணைத்து ஒத்த வேகத்தில் ஓடச் செய்வதே அதன் அடிப்படை. மின் ஒலிவாங்கி இல்லாத அக்காலத்தில், பாடகர் பதிவுக் குழலின் வாயருகே நின்று பாட வேண்டியிருந்தது. அந்நிலையில் நடிப்பைப் படம்பிடித்தல் அரிது. எனவே பாட்டு முதலில் தட்டில் பதிவாயிற்று. பின்னர் அத்தட்டை ஒலிக்கவிட்டு, பாடகர் வாயசைக்கப் படம் எடுக்கப்பட்டது. இம்முறையில் ஆலிஸ் கீ பணியாற்றுவதைக் காட்டும் 1905-ஆம் ஆண்டுத் துண்டுப்படம் இன்றும் கிடைக்கிறது.

பாரிசின் இசையரங்குகளில் புகழ்பெற்றிருந்த மயோல், போலேன், திரானெம் ஆகியோரின் பாடல்களை ஆலிஸ் கீ 1905-இல் படமாக்கினார். இவற்றில் பாடலின் கதை காட்சியாக விரிவதில்லை. அசையாத படக்கருவியின் முன் பாடகர் நின்று பாடுகிறார்; அவ்வளவே. தட்டின் கால அளவே படத்தின் கால அளவாயிற்று. சுருளில் சில சட்டங்கள் குறைந்தாலும் வாயசைவும் குரலும் பிரிந்துவிடும். ஆகவே ஒரே காட்சித்துண்டாக எடுப்பதே பாதுகாப்பாக இருந்தது. கதைப்படத்தின் அளவுகோலால் இதனை முதிராக் கலை எனல் பொருந்தாது. போலேனின் படைவீரர் உடையும் கைக்குட்டையும் இசைத்தட்டில் அடங்காதவை. அவற்றைப் பாட்டோடு சேர்த்ததே இப்படங்களின் பணி. தழுவப்பட்டது பாடலின் பொருளன்று, பாடுதல் என்னும் நிகழ்த்துகை.

இவ்வகைக் கருவி சென்னைக்கும் வந்தது. 1910-ஐ ஒட்டிய ஆண்டுகளில் ரகுபதி வெங்கையா ‘குரோனோமெகாஃபோன்’ கருவியை வரவழைத்து, விக்டோரியா பொதுக்கூடத்தில் ஒலியுடன் குறும்படங்களைத் திரையிட்டார். எனினும், பிற்கால இந்தியத் திரைப்படங்களில் கையாளப்பட்ட பின்னணிப் பாடல் முறை இதன் நேரடித் தொடர்ச்சி எனக் கொள்வதற்கில்லை. அங்கே ஒருவர் குரலுக்கு வேறொருவர் வாயசைத்தார். இரண்டிற்கும் பொதுவானது பாட்டு முன், படம் பின் என்ற வரிசையே. அவ்வரிசையை இந்தியத் திரைப்படத்திற்கே உரிய விலக்காகக் கருதும் போக்கையும், 1927-க்கு முற்பட்டதனைத்தையும் ‘ஊமைப்படக் காலம்’ என ஒதுக்கும் காலப்பகுப்பையும் மறுஆய்வு செய்ய ஒலிக்காட்சிகள் இடமளிக்கின்றன.