லட்சுமண் சிவராமகிருஷ்ணன்: பதினேழில் தொடங்கி இருபதில் முடிந்த டெஸ்ட் வாழ்க்கை

லட்சுமண் சிவராமகிருஷ்ணன் (பிறப்பு: டிசம்பர் 31, 1965) தமிழ்நாட்டைச் சேர்ந்த முன்னாள் இந்தியக் கிரிக்கெட் வீரர். வலக்கை லெக் ஸ்பின் பந்துவீச்சாளர். 17 வயது 118 நாட்களில் டெஸ்ட் போட்டியில் களமிறங்கி, அன்றைய நிலையில் இந்தியாவின் மிக இளைய டெஸ்ட் வீரர் என்ற பெயரைப் பெற்றார். ரசிகர்கள் அவரைச் சுருக்கமாக ‘சிவா’ என்று அழைத்தனர். அவர் ஆடிய டெஸ்ட் போட்டிகள் 9, எடுத்த விக்கெட்டுகள் 26. இவற்றில் 23 விக்கெட்டுகள் ஒரே தொடரில் கிடைத்தவை. இளம் திறமையை விரைவில் கண்டுகொண்ட இந்தியக் கிரிக்கெட், அதைப் பேணத் தவறியதற்கு அவருடைய வாழ்க்கை முக்கியமான எடுத்துக்காட்டு.

பள்ளிக் காலம்

சிவராமகிருஷ்ணன் சென்னையில் பிறந்தார். 12 வயதில், சென்னைப் பள்ளிகளுக்கு இடையிலான போட்டி ஒன்றில் 2 ரன்களுக்கு 7 விக்கெட்டுகள் எடுத்தபோது அவர் பெயர் வெளியே தெரிந்தது. 15 வயதிலேயே 19 வயதுக்குட்பட்டோர் இந்திய அணியில் இடம்பெற்றார். அந்த அணியின் தலைவர் ரவி சாஸ்திரி.

1981-82 ரஞ்சிக் கோப்பையில் டெல்லிக்கு எதிரான காலிறுதியில் தமிழ்நாட்டு அணிக்காக அறிமுகமானார். அந்த ஆட்டத்தின் இரண்டாவது இன்னிங்ஸில் 28 ரன்களுக்கு 7 விக்கெட்டுகள் வீழ்த்தினார். அப்போது அவருக்கு வயது 16. தேர்வாளர்கள் அவரைக் கவனிக்க அது போதுமானதாக இருந்தது.

லெக் ஸ்பின்னின் கடினம்

லெக் ஸ்பின் பந்தை விரல்களால் மட்டும் சுழற்ற முடியாது, மணிக்கட்டைத் திருப்பி வீச வேண்டும். வலக்கை ஆட்டக்காரருக்குப் பந்து காலின் பக்கம் விழுந்து வெளிப்புறம் திரும்பும். அதே கை அசைவில் மணிக்கட்டை மேலும் திருப்பினால் பந்து எதிர்ப்புறம், உள்ளே திரும்பும். அதுவே கூக்ளி. நன்றாக வீசினால் எந்த ஆட்டக்காரரும் ஏமாறுவார். சற்றுப் பிசகினாலோ பந்து குட்டையாக விழும், அல்லது நேராகக் காலடிக்குப் போகும். இரண்டுமே நான்கு ரன்களுக்கு விரட்டப்படும்.

ஆகவே லெக் ஸ்பின் வீசுபவருக்கு இரண்டு உதவிகள் தேவை. அடி வாங்கும்போதும் பந்தைக் கையில் கொடுக்கும் அணித்தலைவர் ஒருவர். பிசகைப் பார்த்துச் சொல்லித் திருத்தும் ஆசான் ஒருவர். தமிழ்நாட்டின் முந்தைய தலைமுறை லெக் ஸ்பின் வீரர் வி. வி. குமார் முதல்தரப் போட்டிகளில் 599 விக்கெட்டுகள் எடுத்தவர். அவருக்கே இந்தியாவுக்காக 2 டெஸ்ட் ஆட்டங்கள் மட்டுமே கிடைத்தன. சிவராமகிருஷ்ணன் வந்தது அந்த மரபிலிருந்து.

முதல் டெஸ்ட்: ஆன்டிகுவா, 1983

1983 ஏப்ரல் 28 அன்று, ஆன்டிகுவாவின் செயின்ட் ஜான்ஸ் மைதானத்தில் மேற்கிந்தியத் தீவுகளுக்கு எதிராக அவருடைய முதல் டெஸ்ட் தொடங்கியது. எதிரணி அந்நாளில் உலகின் மிக வலிமையான அணி. கிரீனிட்ஜ், ஹெய்ன்ஸ், டுஜான், லாயிட் என நால்வர் அந்த இன்னிங்ஸில் சதம் அடித்தனர். சிவராமகிருஷ்ணன் 95 ரன்கள் கொடுத்தார், விக்கெட் கிடைக்கவில்லை. அடுத்த டெஸ்டுக்கு அவர் ஒன்றரை ஆண்டு காத்திருக்க வேண்டியிருந்தது.

பம்பாயும் டெல்லியும், 1984

1984 நவம்பர் இறுதியில் டேவிட் கோவர் தலைமையிலான இங்கிலாந்து அணி பம்பாயில் முதல் டெஸ்டை ஆடியது. பிரதமர் இந்திரா காந்தி கொல்லப்பட்டு ஒரு மாதம்கூட ஆகாத நேரம். ஆட்டத்துக்கு முதல் நாள் பிரிட்டனின் துணைத் தூதர் பெர்சி நாரிஸ் பம்பாயிலேயே சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார். இந்திய அணியும் அதற்கு முன் 31 டெஸ்டுகளாக வெற்றி காணாமல் இருந்தது.

அந்த ஆட்டத்தின் முதல் இன்னிங்ஸில் சிவராமகிருஷ்ணன் 64 ரன்களுக்கு 6 விக்கெட்டுகள் எடுத்தார். இங்கிலாந்து 195 ரன்களில் சுருண்டது. சாஸ்திரியும் கிர்மானியும் சதம் அடிக்க, இந்தியா 8 விக்கெட் இழப்புக்கு 465 ரன்கள் எடுத்தது. இரண்டாவது இன்னிங்ஸில் மைக் கேட்டிங் 136 ரன்கள் எடுத்துப் போராடினார். அப்போதும் சிவராமகிருஷ்ணன் 117 ரன்களுக்கு 6 விக்கெட்டுகள் வீழ்த்தினார். இந்தியா 8 விக்கெட் வித்தியாசத்தில் வென்றது. மொத்தம் 12 விக்கெட்டுகள் எடுத்த அவருக்கு இன்னும் 19 வயது நிறைவடையவில்லை.

அடுத்து டெல்லியில் முதல் இன்னிங்ஸில் 99 ரன்களுக்கு 6 விக்கெட்டுகள். தொடர்ந்து மூன்று இன்னிங்ஸ்களில் ஆறு ஆறு விக்கெட்டுகள்! ஆனால் கடைசி நாளில் இந்திய ஆட்டக்காரர்கள் சரிந்ததால் அந்த டெஸ்டில் தோல்வியே கிட்டியது. அதன்பின் இங்கிலாந்து ஆட்டக்காரர்கள் அவரைப் படித்துவிட்டனர். அவசரப்பட்டு அடிக்காமல், பந்து திரும்பும் வரை காத்திருந்து ஆடினர். தொடரின் மீதி இன்னிங்ஸ்களில் அவருக்குக் கிடைத்தவை 5 விக்கெட்டுகள் மட்டுமே. சொந்த ஊரான சென்னையில் ஃபௌலரும் கேட்டிங்கும் இரட்டைச் சதம் அடித்தனர். தொடரை இங்கிலாந்து 2-1 என வென்றது.

மெல்போர்ன், 1985

1985 பிப்ரவரி, மார்ச் மாதங்களில் ஆஸ்திரேலியாவில் உலக சாம்பியன்ஷிப் ஒருநாள் தொடர் நடந்தது. ஒருநாள் ஆட்டத்துக்கு லெக் ஸ்பின் ஆகாது, ரன்கள் வாரிப் போகும் என்று பலரும் நம்பிய காலம் அது. அணித்தலைவர் சுனில் கவாஸ்கர் அவரை நம்பிப் பந்து கொடுத்தார். சிவராமகிருஷ்ணன் தொடரில் 10 விக்கெட்டுகள் எடுத்தார். மார்ச் 10 அன்று மெல்போர்னில் பாகிஸ்தானுக்கு எதிரான இறுதிப் போட்டியில் 3 விக்கெட்டுகள் வீழ்த்தினார். அவற்றுள் 48 ரன்களில் இருந்த ஜாவேத் மியான்தத்தின் விக்கெட்டும் ஒன்று. பந்தின் திருப்பத்தில் ஏமாந்த அவரை விக்கெட் காப்பாளர் சதானந்த் விஸ்வநாத் ஸ்டம்பிங் செய்தார். இந்தியா கோப்பையை வென்றது.

சரிவு

அதன்பின் இலங்கை, ஆஸ்திரேலியப் பயணங்களில் அவருக்கு 3 டெஸ்ட் ஆட்டங்களும் 3 விக்கெட்டுகளும் கிடைத்தன. 1986 ஜனவரியில் சிட்னியில் ஆடியதே கடைசி டெஸ்ட். வயது 20. 1987 உலகக் கோப்பை அணியில் மீண்டும் இடம் கிடைத்தும் அது நீடிக்கவில்லை. மொத்தம் 16 ஒருநாள் ஆட்டங்களில் 15 விக்கெட்டுகளுடன் சர்வதேச வாழ்க்கை முடிந்தது.

இந்தச் சரிவுக்கு ஒரே காரணம் சொல்வது கடினம். ஆட்டக்காரர்கள் அவரைப் படித்துவிட்டனர் என்பது ஒன்று. அந்நாளில் இந்திய அணிகளுடன் முழுநேரப் பந்துவீச்சுப் பயிற்சியாளர் எவரும் செல்வதில்லை என்பது மற்றொன்று. வளரும் பருவத்தில் கட்டுப்பாடு குலைந்த ஒரு பையன், தன் பிசகைத் தானே கண்டுபிடிக்க வேண்டியிருந்தது. இவற்றுடன் இன்னொன்றும் உண்டு. வாழ்நாள் முழுவதும், சொந்த நாட்டிலேயே, தோல் நிறத்துக்காகப் பாகுபாட்டுக்கு ஆளானதாக 2021இல் சிவராமகிருஷ்ணன் சமூக ஊடகத்தில் வெளிப்படையாக எழுதினார். புள்ளிவிவரப் பட்டியலில் இந்தச் சுமைக்கு இடமில்லை.

ஒப்பீடு

மற்ற சுழற்பந்து வீரர்களுடன் ஒப்பிட்டால் வேறுபாடு விளங்கும்.

ஷேன் வார்ன் 1992இல் சிட்னியில் இந்தியாவுக்கு எதிராக ஆடிய முதல் டெஸ்டில் 150 ரன்கள் கொடுத்து ஒரு விக்கெட் மட்டுமே எடுத்தார். ஆஸ்திரேலியா அவரைக் கைவிடவில்லை. அவர் 708 விக்கெட்டுகளுடன் ஓய்வு பெற்றார்.

அனில் கும்ப்ளே 1990இல் 19 வயதில் அறிமுகமாகி, அதன்பின் இரண்டு ஆண்டுகளுக்கு மேல் டெஸ்ட் ஆடவில்லை. உள்நாட்டு ஆட்டங்களில் பழகி, இரானிக் கோப்பையில் 13 விக்கெட்டுகள் எடுத்துத் திரும்பினார். அவர் கணக்கு 619.

தமிழ்நாட்டின் ரவிச்சந்திரன் அஸ்வின் தம் முதல் டெஸ்டை 2011இல் 25 வயதில் ஆடினார். 106 டெஸ்டுகளில் 537 விக்கெட்டுகள் எடுத்தார். வருண் சக்கரவர்த்தி கட்டடக் கலை படித்து, தமிழ்நாடு பிரீமியர் லீக் வழியாக வெளிச்சத்துக்கு வந்து, 29 வயதில் இந்திய அணியில் ஆடினார். பின்னர் நீக்கப்பட்டார். மூன்று ஆண்டுகள் கழித்துத் திரும்பி வந்து, 2025 சாம்பியன்ஸ் கோப்பையில் 9 விக்கெட்டுகள் எடுத்தார்.

இவர்கள் எல்லோருமே தொடக்கத்திலோ இடையிலோ தடுமாறியவர்கள். தடுமாறியபின் திரும்பி வர அவர்களுக்குக் காலமும் களமும் இருந்தன. சிவராமகிருஷ்ணனின் டெஸ்ட் வாழ்க்கை முடிந்த வயதில் அஸ்வின் டெஸ்ட் மைதானத்தைத் தொடவே இல்லை.

பிற்காலம்

டெஸ்ட் வாய்ப்பு முடிந்தபின் சிவராமகிருஷ்ணன் மட்டையாட்டத்தை வளர்த்துக்கொண்டு முதல்தரப் போட்டிகளில் சதங்கள் அடித்தார். 1987-88இல் எஸ். வாசுதேவன் தலைமையில், 33 ஆண்டுகளுக்குப் பின் ரஞ்சிக் கோப்பையை வென்ற தமிழ்நாட்டு அணியில் அவரும் ஒருவர். பின்னர் பரோடா அணிக்கும் ஆடினார். முதல்தரப் போட்டிகளில் மொத்தம் 154 விக்கெட்டுகள் எடுத்தார். 2000இல் டாக்காவில் நடந்த வங்கதேசத்தின் முதல் டெஸ்ட் ஆட்டத்திலிருந்து தொலைக்காட்சி வர்ணனையாளராகப் புகழ்பெற்றார்.

மதிப்பீடு

சிவராமகிருஷ்ணன் வளர்ந்த பாதை சென்னையின் பள்ளி ஆட்டங்களும் லீக் ஆட்டங்களும் சேர்ந்தது. இன்று அப்பாதை சற்று அகன்றிருக்கிறது. திருமயத்திலோ சின்னப்பம்பட்டியிலோ டென்னிஸ் பந்தில் விளையாடும் மாணவனையும் தேடி வரும் போட்டிகள் உள்ளன. சின்னப்பம்பட்டி நடராஜன் இந்திய அணிவரை சென்றது அதற்குச் சான்று. கண்டெடுப்பது எளிதாகிவிட்ட காலத்தில், கண்டெடுத்தபின் என்ன செய்கிறோம் என்பதே கேள்வி. 18 வயதில் 12 விக்கெட்டுகள் எடுத்தவருக்கு 20 வயதில் கதவு மூடப்பட்டது. ஓர் இளம் சுழற்பந்து வீரர் அடி வாங்கும் நாளில் அவருக்கு அடுத்த ஓவர் கொடுக்கப்படுகிறதா என்று கவனிக்கும் எவரும் இந்த வரலாற்றை நினைவில் வைத்திருப்பது நல்லது.