ஆஞ்சநேயர் தாண்டாத கடல்

ஆஞ்சநேயர் கடலைத் தாண்டியவர். மலையைப் பெயர்த்து எடுத்து வந்தவர். அப்பேர்ப்பட்டவரால் ஒரே ஓர் இடத்தை மட்டும் தாண்ட முடியவில்லை. பிளேஸ்டேஷன் 2-லிருந்து பிளேஸ்டேஷன் 3-க்கு.

கிண்டல் இல்லை, நடந்த கதை. 2009-ம் வருடம் சோனி நிறுவனம் 'ஹனுமான்: பாய் வாரியர்' என்றொரு வீடியோ கேமை இந்தியாவில் வெளியிட்டது. உருவாக்கியது ஹைதராபாத்தைச் சேர்ந்த அரோனா டெக்னாலஜீஸ். பிளேஸ்டேஷன் மாதிரியான ஒரு மெஷினுக்காக முழுக்க முழுக்க இந்தியாவிலேயே தயாரான முதல் கேம் என்று சொல்லித்தான் விற்றார்கள். சாமியைக் கையில் பட்டன் வைத்துக்கொண்டு ஆட்டி வைப்பதாவது என்று அமெரிக்காவில் ஓர் இந்து அமைப்பு சண்டைக்கு வந்தது. பத்திரிகைகளில் கொஞ்ச நாள் அடிபட்டது.

யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளாத விஷயம் வேறொன்று. அந்த டிஸ்க், பி.எஸ்.2-க்காகச் செய்யப்பட்டது. அதே 2009-ல், அதே சோனி, கடைகளில் புத்தம் புதுசாக அடுக்கி வைத்திருந்த பி.எஸ்.3-ல் அதைப் போட்டால் ஓடாது. அண்ணன் வீட்டுக்கு வந்த விருந்தாளிக்குத் தம்பி வீட்டில் கதவைச் சாத்திய மாதிரி.

புது மெஷின் இருக்கும்போது எதற்காகப் பழைய மெஷினுக்கு கேம் செய்தார்கள்? காரணம் சுலபம். 2007-ல் இந்தியாவுக்கு வந்தபோது பி.எஸ்.3-ன் விலை 39,990 ரூபாய். ஆம்பூர் ஷூ கம்பெனியில் மெஷினில் உட்கார்ந்து தைக்கிற பெண்ணுக்கு அது பல மாதச் சம்பளம். எங்கள் வேலூர், ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கமெல்லாம் வளைகுடாவிலிருந்து லீவில் வந்தவரின் பெட்டியிலோ, சென்னை பர்மா பஜாரிலிருந்தோ வந்து இறங்கியது பி.எஸ்.2-தான். விலை குறைந்த மெஷின் எங்கே நிறைய இருக்கிறதோ, அங்கேதானே கடை போடமுடியும்?

சரி, புது மெஷின் பழைய டிஸ்க்கை ஏன் சாப்பிட மறுத்தது? தொழில்நுட்பக் கோளாறா? ம்ஹூம். நான் படித்தது பி.காம். சிப், பிராசஸரெல்லாம் எனக்கு வேறு கிரகம். ஆனால் இந்தக் கதையில் சிப்பைவிட லெட்ஜர்தான் முக்கியம்.

புது மெஷினில் பழைய கேம் ஓட முக்கியமாக இரண்டு வழிகள். முதல் வழி, புது மெஷினுக்குள்ளேயே பழைய மெஷினின் மூளையையும் வைத்துவிடுவது. குரோம் டேனிங்குக்கு மாறிவிட்ட தோல் ஷாப்பில், ஆவாரம்பட்டை காலத்துத் தொட்டி ஒன்றை மட்டும் இடிக்காமல் விட்டு வைப்பது போல. பழைய ஆர்டர் வந்தால் பழைய தொட்டி. வேலை சுத்தமாக நடக்கும். ஆனால் இடத்தை அடைக்கும், காசு பிடிக்கும்.

இரண்டாவது வழி, துபாஷி. ஷூ வாங்க ஆம்பூருக்கு வருகிற இத்தாலிக்காரர் தன் பாஷையில் பேசுவார். பக்கத்தில் ஒருத்தர் அதைத் தமிழில் சொல்வார். அந்த மாதிரி, பழைய கேம் போடுகிற உத்தரவை ஒரு சாஃப்ட்வேர் புது மெஷினுக்கு மொழிபெயர்த்துச் சொல்லும். இதற்குப் பெயர் எமுலேஷன். சிப் செலவு மிச்சம். ஆனால் ஒவ்வொரு வார்த்தையையும் மாற்றிச் சொல்ல நேரம் வேண்டுமே? புது மெஷின் பழையதைவிடப் பல மடங்கு வேகமாக இருந்தால்தான் கட்டுப்படியாகும். துபாஷிக்குத் தெரியாத வார்த்தை வந்துவிட்டால் திரை அப்படியே உறைந்து நின்றுவிடும்.

இந்த இரண்டு வழியும் கேம்காரர்கள் கண்டுபிடித்ததல்ல. பிள்ளையார் சுழி கம்ப்யூட்டர் உலகத்தில் போடப்பட்டது.

1960-களின் தொடக்கத்தில் ஐ.பி.எம்.மின் 1401 என்ற கம்ப்யூட்டர் ஆயிரக்கணக்கான ஆபீஸ்களில் சம்பளப் பட்டியலும் பில்லும் போட்டுக்கொண்டிருந்தது. 1963 கடைசியில் ஹனிவெல் என்ற போட்டிக் கம்பெனி ஒரு குண்டு போட்டது. எங்கள் புது மெஷினை வாங்குங்கள், உங்கள் பழைய 1401 புரோகிராம்களை இதில் ஓட்டிக்கொள்ளலாம் என்றது. ஐ.பி.எம். ஆடிப்போனது. 1964 ஏப்ரல் 7 அன்று அது அறிவித்த புகழ்பெற்ற சிஸ்டம்/360 வரிசையில், பழைய 1401 மாதிரி நடிக்கும் வசதியையும் சேர்த்துக் கொடுத்தது. எமுலேட்டர் என்ற சொல்லையே கம்ப்யூட்டர் உலகில் புழக்கத்துக்குக் கொண்டுவந்தது ஐ.பி.எம்.தான்.

பாசத்தால் செய்ததல்ல. பழைய புரோகிராம் என்பது வாடிக்கையாளர் வீட்டில் கிடக்கும் அவருடைய முதலீடு. அதை மதித்தால் கூட வருவார். மதிக்காவிட்டால் பக்கத்துக் கடைக்குப் போவார்.

அடாரி கம்பெனிக்கு இந்தப் பாடம் தெரியவில்லை. 1977-ல் வந்த அதன் 2600 மெஷின் அமெரிக்க வீடுகளை ஒரு கலக்கு கலக்கியது. 1982-ல் அடுத்த மெஷினாக 5200 வந்தது. பழைய கேம் எதுவும் அதில் ஓடாது. அதே வருடம் கோலிகோ என்ற போட்டிக் கம்பெனி தன் மெஷினுக்கு ஒரு துணைப் பெட்டி போட்டது. அதைச் சொருகினால் எந்த கேம் ஓடும் தெரியுமா? அடாரி 2600 கேம்! அடாரியின் வாடிக்கையாளரை அடாரியின் கேமை வைத்தே இழுக்கிற வேலை. அடாரி வழக்குப் போட்டது. 1983-ல் சமரசம். அதற்குப் பிறகுதான் 5200-க்கும் அப்படியொரு துணைப் பெட்டி வந்தது. 1984-ல் அந்த மெஷினுக்கே மூடுவிழா.

உடனே, பழையதை மதிக்காதவன் எல்லாம் அழிந்தான் என்று நீதி எழுதிவிடாதீர்கள். 1990-ல் நின்டெண்டோ தன் சூப்பர் ஃபேமிகாமை இறக்கியது. பழைய ஃபேமிகாம் கேட்ரிட்ஜ் அதில் ஓடாது. ஜனங்கள் முணுமுணுத்துக்கொண்டே வாங்கினார்கள். புது கேம் பிரமாதமாக இருந்தால் பழையதை மறக்க மனிதனுக்கு ரொம்ப நேரம் ஆவதில்லை.

இந்த இரண்டையும் கண்ணால் பார்த்துக்கொண்டிருந்த சோனி 2000 மார்ச் 4 அன்று ஜப்பானில் பி.எஸ்.2-ஐ வெளியிட்டது. அதில் செய்த தந்திரம்தான் அழகு. முதல் பிளேஸ்டேஷனின் மூளையை உள்ளே வைத்தார்கள். ஆனால் சும்மா வைக்கவில்லை. பி.எஸ்.2 கேம் ஓடும்போது கன்ட்ரோலர், மெமரி கார்டு போன்ற எடுபிடி வேலைகளை அது பார்க்கும். பழைய டிஸ்க்கைப் போட்டால், மறுபடி முதலாளி நாற்காலியில் உட்கார்ந்துவிடும். ரிட்டயரான மேஸ்திரிக்கு கேட்டில் வேலை கொடுத்து, பழைய ஆர்டர் வந்தால் மட்டும் உள்ளே கூப்பிட்டுக்கொள்வது மாதிரி. தண்டச் சம்பளம் கிடையாது. அந்த மெஷின் மொத்தம் 15 கோடிக்கும் மேல் விற்றது.

வேடிக்கை என்னவென்றால், அதற்கு ஒரு மாதம் முன்புதான் சோனி அமெரிக்காவில் ஒரு முக்கியமான வழக்கில் தோற்றிருந்தது. கனெக்டிக்ஸ் என்ற சின்னக் கம்பெனி, பிளேஸ்டேஷன் கேம்களை ஆப்பிள் கம்ப்யூட்டரில் ஓட்டும் எமுலேட்டர் ஒன்றை 1999-ல் விற்க ஆரம்பித்தது. சோனி கோர்ட்டுக்குப் போனது. அதை உருவாக்குவதற்காக சோனியின் மென்பொருளைப் பிரதி எடுத்து ஆராய்ந்தது நியாயமான பயன்பாடுதான் என்று 2000 பிப்ரவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொல்லிவிட்டது. சோனி என்ன செய்தது? 2001-ல் அந்த எமுலேட்டரையே விலைக்கு வாங்கியது. வாங்கி, இழுத்து மூடியது. பழைய கேம் புது இடத்தில் ஓடலாம். ஆனால் எங்கே, எப்போது என்பதை நான்தான் சொல்வேன் என்பது இதன் அர்த்தம்.

இப்போது பி.எஸ்.3-க்கு வருவோம். 2006 நவம்பரில் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் வெளிவந்த மாடல்களில் பி.எஸ்.2-ன் சிப்புகள் உள்ளேயே இருந்தன. பழைய டிஸ்க் ஜோராக ஓடியது. ஆனால் கணக்கு? ஐசப்ளை என்ற ஆய்வு நிறுவனம் மெஷினைப் பிரித்துப் போட்டு விலை பார்த்தது. 60 ஜி.பி. மாடலின் அடக்கம் சுமார் 840 டாலர். விற்ற விலை 599 டாலர். ஒவ்வொரு மெஷினுக்கும் கைக்காசு 240 டாலர் போகிறது. இந்தத் தொழிலில் மெஷினில் நஷ்டப்பட்டு கேமில் சம்பாதிப்பது வழக்கம்தான். ஆனாலும் இது ரொம்ப அதிகம். எங்கே வெட்டலாம் என்று தேடினார்கள். 2007 மார்ச்சில் ஐரோப்பாவுக்கு வந்த மாடலில் பழைய சிப்புகளில் ஒன்று காணாமல் போயிருந்தது. மீதி வேலை துபாஷிக்கு. அந்த அக்டோபரில் வந்த 40 ஜி.பி. மாடலில் துபாஷியும் இல்லை. ஆஞ்சநேயர் பிறப்பதற்கு முன்பே கதவு சாத்தப்பட்டாகிவிட்டது.

லெட்ஜரின் அடுத்த பக்கத்தைப் பாருங்கள். 2015 டிசம்பரில் சோனி பி.எஸ்.2 கேம்கள் சிலவற்றை பி.எஸ்.4-ல் ஓடும்படி செய்து கொடுத்தது. இலவசமாக அல்ல. வீட்டில் டிஸ்க் வைத்திருந்தாலும் மறுபடி காசு கொடுத்து டவுன்லோட் செய்யவேண்டும். முதல் தவணையில் எட்டு கேம்கள். 'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ' வரிசையில் மூன்று இருந்தன. ஹைதராபாத் ஆஞ்சநேயர் இல்லை. விற்கும் என்று தெரிந்த சரக்குக்குத்தானே மறுபிறவி?

அதே வருடம் மைக்ரோசாஃப்ட் வேறு மாதிரி யோசித்தது. 2013-ல் வந்த எக்ஸ்பாக்ஸ் ஒன், பழைய கேம்களைச் சேர்க்காமல் திட்டு வாங்கியிருந்தது. விற்பனையிலும் பி.எஸ்.4-க்குப் பின்னால்தான் நின்றது. 2015-ல் பழைய டிஸ்க்கைப் போட்டால் தனியாகக் காசில்லாமல் ஓடும் ஏற்பாட்டைத் தொடங்கினார்கள். பின்தங்கியவனுக்குப் பழைய வாடிக்கையாளர் அருமை தெரியும். அந்தப் பட்டியலும் 2021 நவம்பரோடு முடிந்தது. உரிமம், சட்டம், தொழில்நுட்பம் என்று காரணம் சொன்னார்கள்.

இன்றைய நிலவரம்? 2021 பிப்ரவரியில் இந்தியாவுக்கு வந்த பி.எஸ்.5, பி.எஸ்.4 கேம்களை அநேகமாக எல்லாவற்றையும் ஓட்டும். இரண்டுக்கும் உள்ளே ஒரே குடும்பத்து மூளை. 2025 ஜூனில் வந்த நின்டெண்டோ ஸ்விட்ச் 2-ம் முந்தைய ஸ்விட்ச் கேம்களைப் பெரும்பாலும் ஏற்றுக்கொள்கிறது. அதாவது அப்பாவை உள்ளே விடுவார்கள். தாத்தாவையும் கொள்ளுத் தாத்தாவையும் வாசலில் நிறுத்துவார்கள். பி.எஸ்.5-ல் பி.எஸ்.2 டிஸ்க்கைப் போட்டுப் பாருங்கள், துப்பிவிடும்.

அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் ஓர் ஆய்வு வெளியிட்டது. 2010-க்கு முன்னால் அங்கே வெளிவந்த கேம்களில் 87 சதவிகிதம் இன்றைக்குக் கடையில் கிடைக்காது. பெரிய பெரிய கம்பெனிகள் இருக்கிற நாட்டிலேயே இந்தக் கதி.

போனால் போகட்டும், விளையாட்டு சமாசாரம்தானே என்று தோன்றுகிறதா? எங்கள் ஊரிலிருந்தே ஒரு கணக்கு சொல்கிறேன்.

ஆர்.நடராஜ முதலியார் வேலூர்க்காரர். சென்னையில் மோட்டார் வியாபாரம் செய்துகொண்டிருந்தவருக்கு சினிமா ஆசை வந்தது. 1910-களின் பிற்பாதியில் சொந்தமாக ஸ்டூடியோ போட்டு 'கீசக வதம்' எடுத்தார். தென்னிந்தியாவின் முதல் மௌனப் படம். இன்றைக்கு அதன் பிரதி இல்லை. இந்தியாவின் முதல் பேசும் படமான 'ஆலம் ஆரா', தமிழ் பேசிய முதல் படமான 'காளிதாஸ்', இரண்டும் 1931. இரண்டுமே இல்லை. படங்களைப் பாதுகாக்க புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகம் ஆரம்பித்தது 1964-ல். அதற்குள் காரியம் கைமீறியிருந்தது. அன்றைக்கு யாரும் அதைச் சரித்திரம் என்று நினைக்கவில்லை. கூத்து என்று நினைத்தார்கள். ஓடி முடிந்த கூத்துக்குப் பெட்டி எதற்கு?

வீடியோ கேமுக்கு இன்னொரு கஷ்டமும் உண்டு. டிஸ்க்கைப் பட்டுத்துணியில் சுற்றி பீரோவில் வைத்தாலும் போதாது. மெஷின் வேண்டும். பி.எஸ்.2 தயாரிப்பை சோனி 2013 தொடக்கத்தோடு நிறுத்திவிட்டது. இருப்பவற்றின் லென்ஸ் ஒவ்வொன்றாகக் கண்ணை மூடிக்கொண்டிருக்கிறது. மெஷின் போனால் டிஸ்க்கை டீ கிளாஸுக்கு அடியில் வைக்கலாம். இப்போதைக்குக் காப்பாற்றிக்கொண்டிருப்பது, பி.எஸ்.2-ஐப் போல கம்ப்யூட்டரை நடிக்க வைக்கும் எமுலேட்டரை வருடக்கணக்கில் உட்கார்ந்து எழுதும் ஆர்வலர்கள். சம்பளம் இல்லாத துபாஷிகள்.

கம்பெனியைக் குறை சொல்லிப் பிரயோஜனமில்லை. லாபம் இருக்கும்வரை பழையதைச் சுமக்கும், இல்லாவிட்டால் இறக்கி வைக்கும். வியாபாரத்தின் தர்மம் அவ்வளவுதான். லாபமில்லாததைச் சுமப்பதற்குத்தான் அரசாங்கமும் நூலகமும். பிரான்சில் 1992-லேயே சட்டம் போட்டுவிட்டார்கள். அங்கே வெளியாகும் வீடியோ கேமின் பிரதியைத் தேசிய நூலகத்துக்குக் கொடுத்தாகவேண்டும்.

நம்மிடமும் ஒரு சட்டம் இருக்கிறது. 1954-ல் வந்தது. இந்தியாவில் வெளியாகும் ஒவ்வொரு புத்தகத்திலும் ஒரு பிரதி சென்னை கன்னிமாரா உள்ளிட்ட நூலகங்களுக்குப் போகவேண்டும். பிறகு பத்திரிகைகளையும் சேர்த்தார்கள். வீடியோ கேம் அதில் இல்லை.

ஆக, ஆம்பூரில் ஒருவர் பிரியாணி செய்முறை என்று ஒரு புத்தகம் போட்டால் அதற்கு கன்னிமாராவில் சட்டப்படி ஓர் இடம் உண்டு. இந்தியாவின் முதல் பிளேஸ்டேஷன் ஆஞ்சநேயருக்கு இல்லை.