கம்பெனி உடலும் காண்ட்ராக்ட் உடலும்: ஒகுதேராவின் ஒன்பது ஆண்டுகள்

1

விளையாட்டு வரலாறு என்று நமக்குக் கையளிக்கப்படுவதில் பெரும்பகுதி 'முதன்முதலில்' என்கிற சொல்லால் கட்டப்பட்டது. முதன்முதலில் கடல் கடந்தவர், முதன்முதலில் கோல் போட்டவர், முதன்முதலில் கோப்பையைத் தொட்டவர். இந்தச் சொல்லில் ஒரு வசதி இருக்கிறது. பின்னால் நடந்த எல்லாவற்றையும் ஏதோ முன்னாலேயே முடிவு செய்யப்பட்டது போலக் காட்டிவிடும். ஜப்பானியக் கால்பந்து ஆட்டக்காரர் யாசுஹிகோ ஒகுதேராவைப் பற்றிச் சொல்லப்படுவதும் இப்படித்தான். 1977இல் மேற்கு ஜெர்மனிக்குப் போனார், புண்டெஸ்லிகாவில் ஆடிய முதல் ஜப்பானியர் ஆனார். அவருக்குப் பின் மியூரா, நகாதா, ஹசேபே என்று வரிசையாகப் பலர் ஐரோப்பாவுக்குப் போனார்கள். நடுவில் 1993இல் ஜே லீக் தொடங்கியது. எங்கேயும் இடறாத நேர்கோடு.

இந்தக் கோட்டைக் கொஞ்சம் தட்டிப் பார்த்தால் வேறு சத்தம் கேட்கிறது. ஒகுதேரா விமானம் ஏறிய நாளில் அவருடைய நாட்டில் 'தொழில்முறைக் கால்பந்து ஆட்டக்காரர்' என்றொரு வகையினமே கிடையாது. ஒன்பது ஆண்டு கழித்துத் திரும்பி வந்தபோதும் கிடையாது. அவருக்காகவே ஒன்றைத் தயாரிக்க வேண்டியிருந்தது. அந்த ஒன்பது ஆண்டுகளும் அவர் யாராக இருந்தார்? அவருடைய கால்கள் யாருக்குச் சொந்தம்? கம்பெனிக்கா, தேசத்துக்கா, சந்தைக்கா? சாதனைப் பட்டியல் இந்தக் கேள்வியைக் கேட்பதில்லை. நாம் கேட்டுப் பார்க்கலாம்.

2

ஒகுதேரா 1952இல் வடக்கு ஜப்பானின் அகிதா மாநிலத்தில், இன்றைய கசுனோ நகர்ப்பகுதியில் பிறந்தவர். செப்புச் சுரங்கங்கள் உள்ள வட்டாரம் அது. பள்ளிப் படிப்பை முடித்து 1970இல் ஃபுருகாவா எலக்ட்ரிக்கில் சேர்ந்தார். வேலைக்குச் சேர்ந்தார் என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். 1965இல் தொடங்கிய ஜப்பான் கால்பந்து லீக்கின் எட்டு அணிகளும் கம்பெனி அணிகள்: மிட்சுபிஷி கனரகத் தொழிற்சாலை, ஹிட்டாச்சி, யவாத்தா இரும்பாலை, யான்மார் டீசல், பின்னால் மாஸ்தா ஆன டோயோ கோக்யோ, டொயோட்டாவின் தறி இயந்திரத் தொழிற்சாலை, நகோயாவின் ஒரு வங்கி, ஃபுருகாவா. ஆட்டக்காரர்கள் கம்பெனிச் சம்பளப் பட்டியலில் இருந்த ஊழியர்கள். வேலை பார்க்க வேண்டும், வேலை முடிந்து பயிற்சிக்குப் போக வேண்டும். ஆட்டம் ஓய்ந்த பிறகும் கம்பெனி இருக்கும், மேஜை இருக்கும், ஓய்வூதியம் இருக்கும்.

இதற்கு 'அமெச்சூர்' என்று பேர். இந்தப் பேரின் வம்சாவளி சுவாரஸ்யமானது. பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் கைவேலை செய்து பிழைப்பவனை மைதானத்துக்கு வெளியே நிறுத்துவதற்குக் கனவான்கள் கண்டுபிடித்த வேலி அது. ஹென்லி படகுப் போட்டியில் கூலி வேலை செய்பவன் என்றாலே அமெச்சூர் இல்லை என்று விதி போட்டார்கள். அதே சொல் ஜப்பானுக்கு வந்து தலைகீழாக நின்றது. இங்கே கூலிக்கு உழைப்பவன்தான் அமெச்சூர்; ஆனால் கூலி கேபிளுக்குத்தான், பந்துக்கு இல்லை. உடல் ஒன்றுதான். கணக்கில் மட்டும் இரண்டாகப் பிரித்து எழுதினார்கள். பந்துக்கான உழைப்பு 'பற்று', 'விசுவாசம்' என்கிற தலைப்பில் போய்ச் சேர்ந்தது.

கம்பெனிகளுக்கு இது சும்மா வந்த தரும சிந்தனை இல்லை. ஃபுருகாவா என்கிற பெயருக்கு ஜப்பானிய வரலாற்றில் வேறொரு நினைவும் உண்டு. அஷியோ செப்புச் சுரங்கத்தின் கழிவு வதராசே ஆற்றில் கலந்து வயல்களை நாசம் பண்ணியதும், 1901இல் தனாகா ஷோசோ பேரரசரின் வண்டிக்கு முன்னால் மனுவோடு பாய்ந்ததும் அந்தக் குடும்பத்துச் சுரங்கத்தை எதிர்த்துத்தான். அதே தொழில் குழுமத்தின் கேபிள் கம்பெனி அரை நூற்றாண்டுக்கு மேல் கழித்து ஞாயிற்றுக்கிழமைகளில் பச்சைப் புல்லில் பதினொரு பேரை நிறுத்துகிறது. ஆலையும் மைதானமும் ஒரே குடும்பம் என்கிற கருத்தியல் அங்கே உற்பத்தியாகிறது. ஃபூக்கோ சொன்ன பணியும் உடல்களைத் தேடிச் சிறைக்கூடத்துக்கும் படைமுகாமுக்கும் மட்டும் போக வேண்டியதில்லை. கம்பெனி மைதானத்திலும் அவை தயாராயின.

இந்த ஏற்பாடு தோற்றுப்போன ஒன்று என்றும் சொல்ல முடியாது. 1960இல் வந்த ஜெர்மானியப் பயிற்சியாளர் டெட்மார் கிராமரின் கையில் வளர்ந்த தலைமுறைதான் 1968 மெக்சிகோ ஒலிம்பிக்கில் வெண்கலம் வாங்கியது. யான்மார் டீசல் ஊழியர் குனிஷிகே கமாமோட்டோ ஏழு கோல் போட்டு அந்தப் போட்டியிலேயே முதலிடத்தில் நின்றார். அந்த வெண்கலம் அமெச்சூர் முறைக்குக் கிடைத்த நற்சான்றாகிப் போனது. அதைக் காட்டியே அடுத்த பதினைந்து வருஷம் ஓட்டினார்கள்.

3

1976இல் ஃபுருகாவா லீக்கையும் பேரரசர் கோப்பையையும் வென்றது. அடுத்த கோடையில் ஜப்பான் தேசிய அணி பயிற்சிக்காக மேற்கு ஜெர்மனிக்குப் போனது. அங்கேதான் கொலோன் அணியின் பயிற்சியாளர் ஹென்னெஸ் வைஸ்வைலர் ஒகுதேராவைப் பார்த்தார். இடதுபுறத்தில் வேகமாக ஓடக்கூடிய ஆள் அவருக்குத் தேவைப்பட்டது. ஒகுதேரா உடனே தலையாட்டிவிடவில்லை, தயங்கினார். இந்தத் தயக்கத்தைக் கோழைத்தனம் என்றோ, கீழைத் தேசத்துக் கூச்சம் என்றோ படிப்பவர்கள் ஒன்றை மறந்துவிடுகிறார்கள். இருபத்தைந்து வயதில் அவர் கையில் இருந்தது ஆயுட்கால வேலை. எதிரே நீட்டப்பட்டது காண்ட்ராக்ட். முழங்கால் போனால் காண்ட்ராக்டும் போச்சு.

உழைப்பாளி இரண்டு அர்த்தத்தில் 'சுதந்திரமானவன்' என்று மார்க்ஸ் சொல்வார். தன் உழைப்புச் சக்தியை யாருக்கும் விற்கச் சுதந்திரம். அதை விட்டால் விற்க வேறொன்றும் இல்லாத சுதந்திரம். கொலோனுக்குப் போன ஒகுதேராவுக்குக் கிடைத்தது இந்த இரட்டைச் சுதந்திரம். கம்பெனி விட்டுக்கொடுத்தது, சங்கம் சம்மதித்தது, 1977 அக்டோபரில் கையெழுத்தாகியது. அடிமை முறியை உடைத்து விடுதலைக்குப் பறந்தவர் என்று அவரைக் கொண்டாடுபவர்களும் சரி, கம்பெனிக் குடும்பத்தின் இதமான பழைய நாட்களை நினைத்து உருகுபவர்களும் சரி, இந்தப் பரிமாற்றத்தின் ஒரு பக்கத்தைத்தான் பார்க்கிறார்கள்.

அந்தப் பருவத்தின் கடைசி நாள் 1978 ஏப்ரல் 29. கொலோனும் மென்ஷென்கிளாட்பாஹும் ஒரே புள்ளியில் நின்றன. கோல் வித்தியாசத்தில் கொலோன் பத்து கோல் முன்னால். கிளாட்பாஹ் அன்றைக்கு டார்ட்மண்டை 12-0 என்று அடித்து நொறுக்கியது. கொலோன் செயின்ட் பவுலியை 5-0 என்று வென்றதில் இரண்டு கோல் ஒகுதேராவுடையது. மூன்று கோல் வித்தியாசத்தில் பட்டம். அந்த இரண்டையும் கழித்துப் பார்த்தாலும் கொலோன்தான் சாம்பியன். ஆனால் ஒரே ஒரு கோல் இடைவெளியில். ஜெர்மன் கோப்பையையும் அதே ஆண்டு கொலோன் வென்றது. அவர் பிறந்த கசுனோவில் ஓசாரிசாவா செப்புச் சுரங்கம் மூடப்பட்டதும் அதே 1978இல்தான்.

4

அடுத்த வருஷம், 1979 ஏப்ரல் 11. ஐரோப்பியக் கோப்பை அரையிறுதி, நாட்டிங்ஹாமில். 2-0 என்று முன்னால் இருந்த கொலோன் 3-2 என்று பின்தங்கிவிட்டது. மாற்று ஆட்டக்காரராக இறங்கிய ஒகுதேரா சமன் செய்தார்: 3-3. மறுநாள் ஆங்கிலப் பத்திரிகை ஒன்று போட்டதாகச் சொல்லப்படும் தலைப்பு, 'ஜப்பானிய சப் ஃபாரஸ்டை மூழ்கடித்தது' என்பது. 'சப்' என்றால் மாற்று ஆட்டக்காரர். 'சப்' என்றால் நீர்மூழ்கிக் கப்பலும். ஒரு மனிதன் பந்தை வலைக்குள் உதைக்கிறான். மொழி அவனைப் பசிபிக் போரின் ஆயுதமாக மாற்றிவிடுகிறது. சிலேடைதானே, விட்டுத்தள்ளு என்று சொல்லலாம். ஆனால் சிலேடைக்கு ஒரு கிடங்கு வேண்டும். அந்தக் கிடங்கில் 'ஜப்பானியர்' என்ற பெட்டிக்குள் என்னென்ன இருந்தன என்பதைத்தான் இந்தத் தலைப்பு திறந்து காட்டுகிறது. (கொலோனில் நடந்த அடுத்த ஆட்டத்தில் ஃபாரஸ்ட் 1-0 என்று வென்று இறுதிக்குப் போனது. மூழ்கியது யார் என்பது வேறு கதை.)

போர் நினைவு ஒரு பக்கம் என்றால் மறுபக்கம் 'உழைப்பாளி ஜப்பானியன்'. 1980இல் வைஸ்வைலர் கொலோனை விட்டுப் போனார். ஒகுதேராவும் அந்த ஆண்டே இரண்டாம் பிரிவில் இருந்த ஹெர்த்தா பெர்லினுக்கு மாறினார். அடுத்த ஆண்டு ஓட்டோ ரெஹாகெலின் வெர்டர் பிரெமன். அங்கே ஐந்து பருவம். எண்களைப் பிரித்துப் பார்த்தால் ஒரு மாற்றம் தெரியும். கொலோனில் 75 லீக் ஆட்டத்தில் 15 கோல். பிரெமனில் 159 ஆட்டத்தில் 11. கோல் போட வந்தவர் இடதுபுறம் முழுக்க மேலும் கீழுமாக ஓடும் தற்காப்புக்காரராக ஆகியிருந்தார். எங்கே நிறுத்தினாலும் நிற்பார், புகார் சொல்ல மாட்டார், தப்பு செய்ய மாட்டார் என்பது அவருக்குக் கிடைத்த புகழ். இந்தப் புகழ் பொய்யில்லை. 234 முதல் பிரிவு ஆட்டங்கள் அதற்குச் சாட்சி. ஆனாலும் பிரேசில்காரனிடம் மந்திரக்காலைத் தேடும் ஐரோப்பா, ஜப்பானியனிடம் ஃபாக்டரி ஒழுங்கைத் தேடுகிறது. கம்பெனி தயாரித்த உடலைக் கம்பெனி இல்லாமலேயே அது பயன்படுத்திக்கொண்டது. வெளியேறிப் போனவர் தன்னை வடித்த அச்சைக் கூடவே கொண்டுபோயிருந்தார் என்று சொன்னால் கொஞ்சம் கொடூரமாக இருக்கும். ஆனால் விலை கிடைத்தது அந்த அச்சுக்குத்தான்.

பிரெமன் அந்த ஐந்து பருவத்தில் மூன்று முறை இரண்டாம் இடம். 1986 ஏப்ரலில் பயர்னுக்கு எதிராக, ஆட்டம் முடியச் சில நிமிடம் இருக்கையில் குட்சோப் அடித்த பெனால்டி கம்பத்தில் பட்டுத் திரும்பியது. பட்டம் கோல் வித்தியாசத்தில் பயர்னுக்குப் போனது.

5

தேசம் அந்த ஒன்பது ஆண்டும் என்ன செய்துகொண்டிருந்தது? ஒகுதேரா அந்தக் காலம் முழுக்க ஜப்பானுக்காக ஒரு ஆட்டமும் ஆடவில்லை. ஒலிம்பிக் சாசனமே 1974இல் அமெச்சூர் விதியைத் தளர்த்திவிட்டது. டோக்கியோ மனசு தளரவில்லை.

இங்கே கொரியாவின் சா பும்-குன்னை வைத்துப் பார்ப்பது உதவும். 1978 டிசம்பரில் டார்ம்ஸ்டாட்டுக்கு ஒரே ஒரு ஆட்டம் ஆடினார். கட்டாய ராணுவச் சேவை பாக்கி இருக்கிறது என்று திரும்பப் போக வேண்டியதாயிற்று. அதை முடித்துவிட்டு 1979இல் ஃபிராங்ஃபர்ட்டுக்கு வந்தார். கொரிய உடலை ராணுவம் பிடித்து வைத்திருந்தது, ஜப்பானிய உடலைக் கம்பெனி. இருவரையும் 'ஆசிய முன்னோடிகள்' என்று ஒரே மாலையில் கோப்பவர்கள் இந்த வித்தியாசத்தைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

1983இல் கொரியா தொழில்முறை லீக் தொடங்கியது. 1985இல் உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றின் கடைசிக் கட்டத்தில் ஜப்பான், கொரியாவிடம் டோக்கியோவிலும் தோற்றது, சியோலிலும் தோற்றது. சா மெக்சிகோவில் ஆடினார். ஒகுதேரா பிரெமனில் இருந்தார். அடி பலமாக விழுந்தது. 1986இல் ஜப்பான் கால்பந்துச் சங்கம் 'சிறப்பு உரிமம் பெற்ற ஆட்டக்காரர்' என்று ஒரு புதுவகையை உண்டாக்கியது. திரும்பி வந்த ஒகுதேராவும் நிசான் அணியின் கசுஷி கிமுராவும் முதல் இருவர். இந்தப் பெயரைக் கவனியுங்கள். 'தொழில்முறை' என்ற சொல்லை உச்சரிக்கவே கூச்சம். ஏற்கனவே இருநூறு ஆட்டத்துக்கு மேல் ஆடிய ஒருவருக்கு, அவர் செய்துகொண்டிருந்ததைச் செய்ய உரிமம்! விதியை அப்படியே வைத்துக்கொண்டு விலக்கை மட்டும் அனுமதிப்பது அதிகாரத்தின் பழைய உத்தி.

திரும்பி எங்கே வந்தார்? ஃபுருகாவாவுக்குத்தான். 1986 ஆசியக் கிளப் சாம்பியன் பட்டத்தை அந்த அணி வென்றது. ஜப்பானியக் கிளப் ஒன்றுக்கு அது முதல் முறை. தேசிய அணிக்கும் திரும்பினார். 1987 அக்டோபரில் டோக்கியோவில் சீனாவிடம் தோற்று சியோல் ஒலிம்பிக் கனவு கலைந்தது. 1988இல் ஓய்வு பெற்றார்.

6

1993இல் ஜே லீக் வந்தபோது கம்பெனிப் பெயர்களை நீக்கி ஊர்ப்பெயர்களைச் சூட்டினார்கள். ஃபுருகாவா அணி 'ஜெஃப் யுனைடெட்' ஆனது. அந்த மூன்றெழுத்துச் சுருக்கத்தில் கிழக்கு ஜப்பான் ரயில்வேயும் ஃபுருகாவாவும் ஒளிந்திருக்கின்றன. கம்பெனி போகவில்லை, தலைப்பெழுத்துக்குள் பதுங்கிக்கொண்டது. 1994இல் மியூரா ஜெனோவாவுக்குப் போனபோது அந்த அணியின் சட்டையில் கென்வுட் என்ற ஜப்பானியப் பெயர் இருந்தது. 1977இல் ஆட்டக்காரரைக் கம்பெனி அனுப்பிவைத்தது. பதினேழு ஆண்டு கழித்து மூலதனமும் ஆட்டக்காரரும் ஒரே சட்டைக்குள் பயணம் போனார்கள்.

1998இல் இன்னொன்று நடந்தது. யோகோஹாமா ஃப்ளூகெல்ஸ் அணியைத் தாங்கிய இரண்டு நிறுவனங்களில் கட்டுமான நிறுவனம் கைவிட்டது. விமான நிறுவனம் அணியைப் பக்கத்து அணியான மரினோஸோடு இணைத்துவிடச் சம்மதித்தது. 1999 ஜனவரி 1 அன்று பேரரசர் கோப்பையை வென்றுவிட்டு அந்த அணி காணாமல் போனது. இணைப்பை ஏற்காத ரசிகர்கள் காசு சேர்த்து யோகோஹாமா எஃப்.சி. என்று சொந்தமாக ஒன்றைத் தொடங்கினார்கள். அதன் முதல் பொது மேலாளர் ஒகுதேரா. முதல் பயிற்சியாளர் பியர் லிட்பார்ஸ்கி, கொலோனில் அவரோடு ஆடியவர்.

கம்பெனிக்கு ஆடி, சந்தைக்கு ஆடி, மறுபடி கம்பெனிக்கு ஆடிய ஒரு மனிதர், இரண்டுக்கும் வெளியே ரசிகர்கள் கட்டிய ஒன்றில் வந்து உட்காருகிறார். கதையை இங்கேயே நிறுத்திவிட்டால் மனசுக்கு இதமாக இருக்கும். ஆனால் சில ஆண்டுகளிலேயே அந்தக் கிளப்பின் பெரும்பங்கு ஒரு நிறுவனத்தின் கைக்குப் போனது. ஒகுதேரா அதன் தலைமையில் தொடர்ந்தார்.

'முதல்வர்' என்ற பட்டத்தைச் சுருட்டி வைத்துவிட்டுப் பார்த்தால் ஒகுதேராவின் வாழ்க்கை ஒரு நெடுநாள் வழக்கு போலத் தெரிகிறது. ஆடும் உடலின் உழைப்பு உழைப்புதான் என்று ஒப்புக்கொள்ள ஒரு சமூகம் எவ்வளவு காலம் மறுத்தது, ஒப்புக்கொண்ட பிறகு அதை யாரிடம் ஒப்படைத்தது என்கிற வழக்கு. முதல் பாதிக்கு 1986இல் ஒரு உரிமச் சீட்டில் தீர்ப்பு எழுதினார்கள். இரண்டாம் பாதி இன்னும் வாய்தாவில் இருக்கிறது.