ஹூகுவா, ஹுவாங்குவா ஆன கதை

பெய்ஜிங்கில் கோடை வெயில் ஏறிவிட்டால் வீட்டுச் சமையலறைகளில் 'டப்'பென்று ஒரு சத்தம் கேட்கும். கழுவிய வெள்ளரிக்காயைப் பலகையில் கிடத்தி, அகலமான வெட்டுக்கத்தியின் பக்கவாட்டால் ஒரு போடு போடுகிறார்கள். காய் நீளவாக்கில் பிளந்துகொள்ளும். வில்லையாக நறுக்கினால் வெட்டிய இடம் வழவழவென்று இருக்கும். சாறு வழுக்கி ஓடிவிடும். பிளந்த காயின் சொரசொரப்பிலோ எல்லாம் ஒட்டிக்கொள்ளும். உப்புத் தூவிப் பத்து நிமிடம் வைத்து, விட்ட தண்ணீரை வடித்து, நசுக்கிய பூண்டு, சோயா சாஸ், காடி, ஒரு சிட்டிகை சர்க்கரை, கொஞ்சம் நல்லெண்ணெய் விட்டுப் பிசறினால் 'பாய் ஹுவாங்குவா' தயார். பாய் என்றால் அடிப்பது. ஹுவாங்குவா என்றால் மஞ்சள் காய்.

பச்சைக் காய்க்கு ஏன் மஞ்சள் பெயர்?

வெள்ளரியின் பூர்வீகம் இமயமலை அடிவாரம். சீனர்கள் முதலில் அதை 'ஹூகுவா' என்றுதான் அழைத்தார்கள். வடக்கிலும் மேற்கிலும் வாழ்ந்த அந்நியர்களுக்கு 'ஹூ' என்று பெயர். கப்பலில் வந்ததற்கெல்லாம் நாம் 'சீமை' என்று பட்டம் கட்டினோமே, அதே கதை. எள் 'ஹூமா', பூண்டு 'ஹூசுவான்', கொத்தமல்லி 'ஹூசுய்', மிளகு 'ஹூஜியாவ்'.

இவை அத்தனையையும் ஹான் பேரரசின் தூதர் ஜாங் சியென் கொண்டுவந்தார் என்பது பாட்டி கதை. அவர் கி.மு. 138-இல் மேற்கே புறப்பட்டது உண்மை. ஆனால் சீமா சியென் எழுதிய வரலாற்றில், அந்த வழியில் வந்த பயிர்களாகத் திராட்சையும் குதிரைமசாலும்தான் பேசப்படுகின்றன. வெள்ளரி இல்லை.

பெயர் மாறியது பின்னால். சுய் வம்சத்துப் பேரரசர் யாங் (ஆட்சி 604–618) ஹூ மக்களைச் சந்தேகித்தவர். அந்தச் சொல்லே அவருக்கு ஆகவில்லை. ஹூகுவாவை ஹுவாங்குவா ஆக்கியவர் அவரே என்று தாங் காலத்து நூலான 'ஜென்குவான் ஜெங்யாவ்' சொல்கிறது. முற்றிய வெள்ளரி மஞ்சளாவதை நாமும் பார்த்திருக்கிறோம், பெயர் பொருந்திவிட்டது. ஜப்பானியர்களோ 'கியூரி'யைச் சீன எழுத்தில் எழுதும்போது இன்றும் பழைய 'ஹூ'வோடுதான் எழுதுகிறார்கள்.

அப்படியானால் இந்தத் தட்டில் சீனத்துச் சொத்து எது? சோயாவும் காடியும். கி.பி. 544 வாக்கில் ஜியா சிஷியே எழுதிய வேளாண் நூலான 'சிமின் யாவோஷு'வில் காடி தயாரிக்க இருபதுக்கும் மேற்பட்ட முறைகள் இருக்கின்றன. கோடையில் மந்தமான நாக்கை எழுப்பும் வேலை அந்தப் புளிப்புடையது. மற்றபடி, காயைப் பச்சையாகத் தின்பது சீனர்களுக்கு அவ்வளவாகப் பழக்கமில்லை. மனிதக் கழிவை வயலுக்கு உரமாக இட்ட நாட்டில் அந்த எச்சரிக்கை நியாயமானதே. 'லியாங்பன்' எனப்படும் குளிர்ந்த கலவைகளில் கீரையானாலும் பீன்ஸானாலும் பெரும்பாலும் ஒரு கொதி கண்ட பிறகுதான் சேரும். வெள்ளரிக்கு விலக்கு உண்டு.

இந்தத் தட்டில் சிலர் சேர்க்கும் மிளகாய் கடைசியாக வந்த விருந்தாளி. 1591-இல் காவோ லியன் தன் நூலில் அதை அழகுக்கு வளர்க்கும் செடிகளோடு சேர்த்துச் சொல்கிறார், பெயர் 'ஃபன்ஜியாவ்'. 'ஃபன்' என்பதும் அந்நியரைக் குறிக்கும் சொல்தான். மிளகிலிருந்து நாம் மிளகாய் என்று சொல் பண்ணியது போல, அவர்கள் காரத்துக்கு ஏற்கனவே இருந்த 'ஜியாவ்'வைக் கடன் வாங்கினார்கள். இப்போது அது 'லாஜியாவ்', அதாவது காரமான ஜியாவ். எள் 'ஜீமா' ஆயிற்று, கொத்தமல்லி 'சியாங்சாய்' ஆயிற்று, பூண்டு 'தாசுவான்' ஆயிற்று. இந்த வரிசையில் பட்டம் கழலாமல் நிற்பது தென்னிந்தியாவின் மிளகுதான். சீனக் கடைகளில் அது இன்றும் ஹூஜியாவ்.