தனிவழி நடந்த மாயா டெரன்

திரைப்படம் பலர் கூடி ஆக்கும் கலை. கதை எழுதுவோர் ஒருவர். கமெராவை இயக்குவோர் இன்னொருவர். நடிப்போர் வேறு சிலர். முடிந்த படத்தை ஊர்தோறும் காட்டுவோர் பிறிதொருவர். இவர்கள் எல்லோருக்கும் மேலே பணமிடும் முதலாளி நிற்பார். அந்த முதலாளியின் சொல்லுக்கு அடங்காது படமெடுக்க விரும்புபவர், மற்றையோரின் பணிகளையும் தம் தோளில் ஏற்கவேண்டியவராகிறார். ஐக்கிய அமெரிக்காவில் இதனைச் செய்து காட்டியவர் மாயா டெரன் அம்மையார்.

1917ஆம் ஆண்டு கீவ் நகரில் யூதக் குடும்பமொன்றிற் பிறந்த அவர், யூதர்மீது நிகழ்ந்த வன்செயல்களுக்கு அஞ்சிய பெற்றோருடன் 1922இல் அமெரிக்கா சேர்ந்தார். 1943இல் தந்தையார் இறந்தபோது கிடைத்த பணத்திற் பழைய 16 மில்லிமீற்றர் கமெரா ஒன்றை வாங்கினார். அவ்வாண்டிலேயே, கணவர் அலெக்சாண்டர் ஹமிட்டுடன் சேர்ந்து, லொஸ் ஏஞ்சல்சில் தாம் வாழ்ந்த வீட்டைக் களமாகக் கொண்டு முதற்படத்தை எடுத்தார். 'பிற்பகலின் வலைகள்' எனப் பொருள்படும் பெயருடைய அப்படம் கால் மணி நேரமும் ஓடாது. அதிற் கனவு காணும் பெண்ணாக நடித்தவரும் அவரே.

1945இல் வந்த நடனப் படத்தில், காட்டிடையே கால் தூக்கும் ஆடலர் டலி பீற்றி, அக்காலை ஒரு வீட்டறையினுள் ஊன்றுகிறார். தொலைவிலுள்ள ஈரிடங்களை ஓரடியால் இணைத்தது படத்தொகுப்பின் திறமே. பெருஞ்செலவுக் காட்சியமைப்பு எதுவும் அதற்கு வேண்டியிருக்கவில்லை.

இத்தகைய படங்களை வணிகப் படமாளிகைகள் ஏற்குமா? அவர் காத்திருக்கவில்லை. 1946 பெப்ரவரியில் நியூயோர்க்கில் நாடக அரங்கொன்றை வாடகைக்கு எடுத்துத் தாமே திரையிட்டார், அரங்கு நிறைந்தது. அமோஸ் வோகல் என்பார் 1947இல் 'சினிமா 16' என்னும் திரைப்படக் கழகத்தைத் தொடங்க அம்முயற்சி தூண்டுகோலாயிற்று. டெரனோ எழுதியும், கல்லூரிகளில் விரிவுரையாற்றியும், படப்பிரதிகளை வாடகைக்கு அனுப்பியும் தம் கலைக்கு ஆதரவு தேடினார். 1947இற் கான் திரைப்பட விழாவிலும் பரிசு பெற்றார்.

இச்சுதந்திரத்திற்கு விலையும் இருந்தது. ஹெய்ட்டி நாட்டின் சமயச் சடங்குகளைப்பற்றி அவர் எழுதிய நூல் 1953இல் வெளிவந்தது. அங்கு எடுத்த படமோ அவர் வாழ்நாளில் நிறைவெய்தவில்லை. 1961இல் தமது 44 வயதில் மறைந்தபோது, முற்றுப்பெற்றிருந்தவை ஆறு குறும்படங்களே. ஆயினும் எதை எடுப்பது, எவ்வாறு எடுப்பது என்னும் முடிவை அவர் பிறரிடம் விற்றதில்லை. வீட்டினுள் எடுத்த அந்த முதற்படம், 1990இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது.