தில்லித் தெருவில் பிறந்த நகைச்சுவை

தலைநகரம் என்றவுடன் கோப்புகளும் கூட்டங்களுமே பிறர் நினைவுக்கு வரும். பிழைப்பை நாடி இங்கு வந்த நம்மவர்க்கோ வாடகை அறையும், மாதக் கடைசியும், கடன் கணக்கு எழுதும் மூலைக்கடையும் முதலில் தோன்றும். இச்சிறு வாழ்க்கையையே பொருளாகக் கொண்டு 1981-ஆம் ஆண்டில் ஓர் இந்திப் படம் வெளிவந்தது. 'சஷ்மே பத்தூர்' என்பது அதன் பெயர். தஞ்சைத் தரணியின் சிற்றூர் ஒன்றோ என நாம் மயங்கக்கூடும்! 'கண்ணேறு விலகுக' என்பதே அப்பாரசீகத் தொடரின் பொருள். எழுதி இயக்கியவர் சாயி பராஞ்ச்பே என்னும் மராத்தியப் பெண்மணி.

1938-இல் லக்னோவில் பிறந்தவர் அவர். தந்தை ருஷ்ய ஓவியர். தாயார் சகுந்தலா பராஞ்ச்பே குடும்பக் கட்டுப்பாட்டுப் பணியின் முன்னோடி. மாநிலங்களவையின் நியமன உறுப்பினராகவும் விளங்கியவர். பாட்டனார் ஆர். பி. பராஞ்ச்பே புகழ்பெற்ற கணித அறிஞர். அவர் ஆஸ்திரேலியாவில் இந்தியத் தூதராக இருந்தபோது பேத்தியும் உடனிருந்தாள். எட்டு வயதிலேயே மராத்தியில் கதைநூல் வெளியிட்ட அச்சிறுமி, பிற்காலத்தில் புனே வானொலியில் அறிவிப்பாளரானார். வானொலி நேயர்களாகிய நாம் இதில் சற்றே பெருமை கொள்ளலாம் அன்றோ?

1963-இல் தில்லி தேசிய நாடகப் பள்ளியில் பட்டம் பெற்ற பின், தில்லித் தொலைக்காட்சியில் பல்லாண்டுகள் பணியாற்றினார். 1976 வரை தொலைக்காட்சி வானொலியின் ஒரு கிளையாகவே இருந்தது. பகட்டான காட்சிகளுக்கு அங்கே வசதியில்லை. உரையாடலையும் மனிதரையுமே நம்ப வேண்டியிருந்தது. அப்பழக்கம் அவர் படங்களில் இறுதிவரை நிலைத்தது என்பது நம் கருத்து.

முதலில் அவருக்குப் பெயர் தந்த 'ஸ்பர்ஷ்' (1980) நகைச்சுவைப் படமன்று. தில்லியின் பார்வையற்றோர் பள்ளியை நிலைக்களனாகக் கொண்டது. நசீருதீன் ஷாவுக்குச் சிறந்த நடிகர் விருதும், சாயிக்குத் திரைக்கதைக்கான விருதும் தேசிய அளவில் கிடைத்தன. எனினும், விருது பெற்ற அப்படம் பல ஆண்டுத் தாமதத்தின் பின்னரே பொதுமக்களை எட்டியது. பெரு நிறுவனங்களின் அரவணைப்பின்றிப் படமெடுப்போர் நிலை அதுவே.

'சஷ்மே பத்தூர்' படத்துக்கு வித்தாக அமைந்தது, தொலைக்காட்சிக்கென அவரே எழுதிய ஒரு நாடகம். ஓர் அறையில் மூன்று இளைஞர்கள். இருவர் ஊர்சுற்றிகள், மூன்றாமவன் படிப்பாளி. சலவைத்தூள் விற்க வீடு வீடாகச் செல்லும் நேஹாவை அடைய முயன்று தோற்ற இருவரும், வெற்றி பெற்றதாகக் கதை கட்டுகிறார்கள். அக்கதைகளோ அந்நாளைய திரைப்படக் காதற்பாடல்களைக் கேலி செய்பவை. உண்மையில் அவள் அன்பைப் பெறுபவன் படிப்பாளியே. பொறாமையால் நண்பர் சொன்ன பொய் காதலரைப் பிரிக்கிறது. பின் பரிகாரமாக அவர்கள் புனைந்த போலிக் கடத்தல், மெய்யான கடத்தலாகவே முடிகிறது! கடைக்காரர் லல்லன் மியானாகச் சயீத் ஜாஃப்ரி தோன்றுகிறார். சிகரெட் கடனை வசூலிக்க வழியறியாமல் அவர் படும் பாட்டை, கடன்பட்டவர் எவரும் சிரிக்காமல் காண இயலாது. 1982-ஆம் ஆண்டு ஆசிய விளையாட்டுப் போட்டிக்காக உருமாறுவதற்கு முந்தைய தில்லியின் அகன்ற, அமைதியான சாலைகள் இப்படத்தில் பதிவாகியுள்ளன.

அதே 1981-இல் தமிழில் பாக்கியராஜ் 'இன்று போய் நாளை வா' எடுத்தார். அங்கும் மூன்று இளைஞர்கள், ஒரு பெண். ஆனால் தமிழ்ப் படத்தில் நகைப்பின் உச்சம் இந்திப் பாடக் காட்சி. தில்லியில் வாழும் நமக்கு அக்காட்சி இரட்டிப்பாக இனிக்கும்.

பின்னர் சாயி குடியிருப்புச் சாளொன்றைக் களமாகக் கொண்ட 'கதா' (1983), ஊரைப் பிரிந்து பம்பாய் ஆலைக்கு வந்த உழைப்பாளரைப் பற்றிய 'திஷா' (1990) ஆகியவற்றை எடுத்தார். பின்னது நம் போன்றோர் தேடிக் காண வேண்டிய படம். 2006-இல் பத்மபூஷண் விருது அவருக்கு வழங்கப்பெற்றது.

2013 ஏப்ரல் 5 அன்று 'சஷ்மே பத்தூர்' வேறொருவர் இயக்கத்தில் புதிதாக வெளிவந்தது. கதை தில்லியை விட்டுக் கோவாவுக்குக் குடிபெயர்ந்திருந்தது. அன்றே பழைய படமும் மெருகேற்றப்பட்டு மீண்டும் அரங்குகளுக்கு வந்தது.