முகவலியும் விறைப்பூசியும்

ஊசி என்றதும் நம்மவர் நினைவில் எழுவது காய்ச்சலும் தடுப்பு மருந்துமே. ஆயினும், தோலின் கீழ் மருந்தைச் செலுத்தும் முறை முதன்முதலிற் கையாளப்பட்டது இவற்றுள் எதற்காகவும் அன்று. முகத்தில் எழும் நரம்பு வலியொன்றைத் தணிப்பதற்காகவே அம்முறை பிறந்தது. 1844ஆம் ஆண்டு அயர்லாந்தின் டப்ளின் நகரில், மீத் வைத்தியசாலையின் சத்திரசிகிச்சை நிபுணர் பிரான்சிஸ் றின்ட் என்பவரிடம் 59 வயதுடைய பெண்மணி ஒருவர் வந்தார். அவர் முகத்தின் ஒரு பக்கத்தில் நெடுநாளாகத் தாங்கொணா வலி. வாய்வழி கொடுத்த அபின் மருந்துகள் பயன் தரவில்லை. றின்ட், நுண்ணிய குழாயொன்றைத் தோலினுள் நுழைத்து, மோர்பியா கலந்த திரவத்தை நரம்பு ஓடும் இடத்தில் சொட்டுச் சொட்டாக இறங்கச் செய்தார். வலி தணிந்தது. அச்செய்தியை அவர் 1845இல் அச்சில் வெளியிட்டார்.

இந்த வரலாற்றை இங்கு எழுத நேர்ந்தமைக்குக் காரணம் திருகோணமலை மாவட்டத்தின் கட்டைபறிச்சான். கொட்டியாரக் குடாவின் தென்கரையில் மூதூருக்கு அண்மையில், சம்பூருக்குச் செல்லும் வழியில் அமைந்த ஊர் அது. றொபேட் நொக்ஸ் 1659இல் வந்து நங்கூரமிட்ட கப்பல் நின்றது இந்தக் குடாவிலேதான் என்பதை வரலாறு படித்தோர் அறிவர். போர்நிறுத்தம் நடைமுறையில் இருந்த 2003ஆம் ஆண்டில் செய்தி சேகரிக்க அப்பகுதிக்குச் சென்றிருந்தபோது, ஒரு வீட்டுத் திண்ணையில் முதிய தாயொருவரைக் கண்டேன். சேலைத் தலைப்பால் இடது கன்னத்தை இறுக மூடியிருந்தார். பல்வலியோ என்று கேட்டேன்.

“பல்லெல்லாம் போய்ட்டுது தம்பி, வலிதான் போகல்ல. கச்சான் காத்து முகத்தில பட்டாக் காணும், உள்ளுக்குள்ள மின்னல் வெட்டும்” என்றார்.

நான்கு பற்கள் பிடுங்கப்பட்டிருந்தன. நான்கும் பழுதற்றவை என்பது பின்னரே தெரியவந்தது. மூன்றாண்டுக் காலம் முகம் கழுவுவதற்கும் சோறு மெல்லுவதற்கும் அவர் அஞ்சி வாழ்ந்திருக்கிறார். இறுதியில் ஒரு வைத்தியர், வலி தொடங்கும் இடத்தில் விறைப்பூசி போட்டுப் பார்த்தார். சில மணி நேரம் வலி முற்றாக நின்றது. நோய் பல்லில் இல்லை, நரம்பில் இருக்கிறது என்ற ஐயம் அவருக்கு அதன் பின்னரே வலுத்தது. அதன் பிறகு கொடுக்கப்பட்ட குளிசைகளால் அத்தாய் ஓரளவு நிம்மதி பெற்றார்.

முதலில் ஒரு சொல்லைத் தெளிவுபடுத்திக் கொள்வோம். பேச்சுவழக்கில் முகநரம்பு வலி என்று சொல்கிறோம். ஆனால் முகத்துத் தசைகளை அசைக்கும் ஏழாம் நரம்புக்கும் இந்த வலிக்கும் தொடர்பில்லை. முகத்தின் தொடுகையையும் வலியையும் மூளைக்கு எடுத்துச் செல்வது ஐந்தாம் மண்டை நரம்பு. அது நெற்றிக்கு ஒன்று, மேற்றாடைக்கு ஒன்று, கீழ்த்தாடைக்கு ஒன்று என மூன்று கிளைகளாகப் பிரிவதால் முக்கிளை நரம்பு எனலாம். மூளையடியில் இந்நரம்பின் வேரை ஓர் இரத்தக்குழாய் அழுத்தி, நரம்பின் மேலுறையைத் தேயச் செய்வதே பெரும்பாலான நோயாளரிடத்துக் காணப்படும் காரணம். உறை தேய்ந்த மின்கம்பிகள் ஒன்றோடொன்று உராய்ந்து பொறி கக்குவதை ஒத்தது அது. மெல்லிய தொடுகையும் காற்றும்கூட அங்கே கடும் வலியாக மாறிவிடுகின்றன. பல்லுக்குச் செல்லும் நரம்பும் இதன் கிளையே ஆதலால், நோயாளி பல்லைச் சுட்டிக்காட்டுவதில் வியப்பில்லை.

நோய் புதியதன்று. சுசுருத சங்கிதை கூறும் தலைநோய்களுள் ஒன்றான அனந்தவாதத்தை ஆயுர்வேத வைத்தியர் பலர் இதனோடு ஒப்பிடுவர். பிரான்சில் நிக்கொலா அந்திரே 1756இல் இதற்கு ஒரு பெயரிட்டார். இங்கிலாந்தில் ஜோன் பொதர்கில் 1770களில் இதன் குறிகளைத் தெளிவாக எழுதி வைத்தார். பெயர் கிடைத்தது. மருந்துதான் கிடைக்கவில்லை.

றின்ட்டுக்குப் பின்னர், 1853இல் எடின்பரோவில் அலெக்சாண்டர் வூட் என்பவர் கண்ணாடிப் பீச்சாங்குழலில் ஊசியைப் பொருத்தி நரம்பு வலிக்கு மோர்பியா ஏற்றினார். வலிக்கும் இடத்திலேயே மருந்தை இட்டால் அவ்விடத்து நரம்பு அடங்கும் என்பது அவர் எண்ணம். லண்டனைச் சேர்ந்த சார்ள்ஸ் ஹண்டர், எவ்விடத்தில் ஏற்றினாலும் மோர்பியா வேலை செய்கிறது என்று சில ஆண்டுகளில் எடுத்துக் காட்டினார். மருந்து இரத்தத்தோடு கலந்து மூளையை அடைந்தே வலியை மறக்கச் செய்தது. நோயாளியின் அறிவு மங்காமல், வலிக்கும் இடத்தை மட்டும் விறைக்கச் செய்யும் மருந்து அப்போது எவர் கையிலும் இருக்கவில்லை.

இதே காலத்தில் நம் மண்ணில் நிகழ்ந்ததை நாம் மறக்கலாகாது. அமெரிக்காவின் பொஸ்டன் நகரில் ஈதர் மயக்கத்தில் சத்திரசிகிச்சை செய்து காட்டப்பட்டது 1846 ஒக்ரோபரில். அதற்கு அடுத்த ஆண்டே, நியூயோர்க்கில் மருத்துவம் பயின்ற சாமுவேல் பிஸ்க் கிறீன் யாழ்ப்பாணம் வந்து சேர்ந்தார். மானிப்பாயில் அவர் வைத்தியம் பார்த்தார். மாணவர்களுக்கு மருத்துவம் கற்பித்தார். 1860களில் அக்கல்வியை ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கு மாற்றினார். ‘இரண வைத்தியம்’, ‘வைத்தியாகரம்’, ‘மனுஷ அங்காதிபாதம்’ எனப் பல்லாயிரம் பக்கங்கள் தமிழில் அச்சேறின. இவற்றுள் 1872இல் வந்த ‘மனுஷ அங்காதிபாதம்’, கிறேயின் புகழ்பெற்ற உடற்கூற்று நூலைத் தழுவியது. மண்டை நரம்புகளின் அமைப்பை ஒரு தமிழ் மாணவன் தன் தாய்மொழியில் பயிலக்கூடிய நிலை ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே இருந்தது என்பது சிறிய செய்தியன்று.

கிறீன் 1873இல் தாயகம் திரும்பினார். தமிழர்க்கு மருத்துவப் பணி செய்தவர் என்பதையே தம் கல்லறையிற் பொறிக்கும்படி விரும்பிய அப்பெருமகன், 1884 மே மாதத்தில் மசாசுசெற்சில் மறைந்தார். அவர் கண்மூடி நான்கு மாதங்கள் ஆகுமுன்பே, உலகம் காத்திருந்த மருந்து வெளிப்பட்டது.

அதனைக் கண்டறிந்தவர் வியன்னாவைச் சேர்ந்த கார்ல் கொல்லர் என்ற 26 வயது இளம் வைத்தியர். கொக்கேயினை நாவில் வைத்தால் நா மரத்துப் போகும் என்பதைப் பலர் அறிந்திருந்தனர். அதனைக் கண்ணில் இட்டால் கண்ணும் விறைக்கும், நோயாளி விழித்திருக்கும்போதே கண்ணில் சத்திரசிகிச்சை செய்யலாம் என்று எண்ணிப் பார்த்தவர் கொல்லர். 1884 செப்டெம்பர் 15ஆம் திகதி ஹைடல்பேர்க் மாநாட்டில் அச்செய்தி அறிவிக்கப்பட்டது. பயணச் செலவுக்குப் பணமில்லாத நிலையில், கொல்லரின் கட்டுரையை வேறொருவரே அங்கு வாசித்தார்.

சில மாதங்களுக்குள் நியூயோர்க்கில் வில்லியம் ஹால்ஸ்டெட்டும் அவர் தோழர்களும் ஒரு படி மேலே சென்றனர். தோலில் அன்றி, நரம்பின் தண்டிலேயே கொக்கேயினைச் செலுத்தினால் அந்நரம்பு ஆளும் பகுதி முழுவதும் விறைக்கும் என்பதைத் தம் உடல்களிலேயே சோதித்து அறிந்தனர். கீழ்த்தாடை நரம்பை இவ்வாறு அடக்கிக் காட்டியதே இன்று பல் வைத்தியர் அன்றாடம் இடும் விறைப்பூசிக்கு மூலம். ஆனால் ஹால்ஸ்டெட் கொக்கேயினுக்கு அடிமையானார். அதிலிருந்து விடுபட மோர்பியாவை நாடி, அதற்கும் அடிமையானார். இன்று நமக்கு எளிதாகக் கிடைக்கும் நிவாரணத்தின் பின்னால் இத்தகைய துயரங்களும் உண்டு.

நஞ்சற்ற மாற்றுத் தேடப்பட்டது. ஜேர்மனியில் அல்பிரெட் ஐன்ஹோர்ன் உருவாக்கிய நொவொகேயின் 1905இல் வைத்தியர் கைக்கு வந்தது. சுவீடனில் நீல்ஸ் லொவ்கிரென், பெங்ட் லுண்ட்குவிஸ்ட் ஆகிய இருவரும் 1943இல் லிக்னொகேயினைக் கண்டனர். சைலொகேயின் என்ற பெயரில் 1948இல் விற்பனைக்கு வந்த அம்மருந்தையே இன்றும் நம் ஆஸ்பத்திரிகளிற் காண்கிறோம். நரம்பு செய்தி கடத்துவது சோடியம் அயன்கள் அதன் சுவரிலுள்ள நுண்வாயில்கள் வழியே உட்புகுவதால். அவ்வாயில்களை இம்மருந்து சிறிது நேரம் அடைத்து விடுகிறது. செய்தி செல்லாது, வலி தெரியாது. ஒன்றிரண்டு மணி நேரத்தில் மருந்து விலக, நரம்பு பழைய நிலைக்குத் திரும்பும்.

முகவலிக்கு இதில் உள்ள பயனையும் எல்லையையும் வாசகர்கள் சரியாக விளங்கிக் கொள்ள வேண்டும். விறைப்பூசி இந்நோயை நிரந்தரமாக மாற்றுவதில்லை. ஆயினும், உண்ணவும் நீர் அருந்தவும் முடியாதபடி வலி அடுத்தடுத்துத் தாக்கும் வேளையில் அது உயிர்க்கொடை. எந்தக் கிளையில் நோய் என்பதை ஆராய்வதற்கும் அது துணை. மருந்தின் காலம் கடந்த பின்னரும் சிலருக்கு நிவாரணம் நீடிப்பதுண்டு. மேற்றாடைக் கிளையில் வலியுடையோருக்கு மூக்கின் வழியே லிக்னொகேயினைத் தெளித்துச் சில மணி நேர நிவாரணம் தரலாம் என்று ஜப்பானிய வைத்தியர்கள் 2006இல் எழுதினர். நெடுநாள் நிவாரணம் வேண்டி நரம்பையே சிதைக்கும் முறைகளும் வந்தன. ஷ்லோசர் 1903இல் நரம்பில் மதுசாரம் ஏற்றினார். மண்டையோட்டின் அடித்துளை வழியே நரம்பின் முடிச்சை ஊசியால் அடையும் பாதையை ஹேர்ட்டல் முதலாம் உலகப் போரை ஒட்டிய ஆண்டுகளில் வகுத்தார். அழுத்தும் இரத்தக்குழாயை விலக்கி வைக்கும் சத்திரசிகிச்சையை 1960களின் பிற்பகுதியில் பீற்றர் ஜனெற்றா நிலைநாட்டினார்.

ஏழை நோயாளிக்குப் பெருந்துணையாக வந்ததோ ஒரு குளிசை. வலிப்பு நோய்க்கென அறியப்படும் காபமசெப்பீன், இம்முகவலியை அடக்குவதை 1962இல் புளொம் அறிவித்தார். இன்றும் இந்நோய்க்கு முதலில் கொடுக்கப்படும் மருந்து அதுவே. அதனால் தோலிற் கடும் ஒவ்வாமை ஏற்படுவதும் உண்டாகையால், வைத்தியரின் கண்காணிப்பின்றி உட்கொள்ளலாகாது.

மருந்து கண்டுபிடிக்கப்படுவது ஒன்று. அது கட்டைபறிச்சானை வந்தடைவது வேறொன்று. இங்கே பேராசிரியர் சேனக பிபிலேயை நினைவுகூர வேண்டும். 1971இல் அமைந்த அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனத்தின் தலைவராக, இன்றியமையாத மருந்துகளை மூலப்பெயரில், குறைந்த விலையில் மக்களுக்கு வழங்க வழிவகுத்தவர் அவர். அவர் மறைந்த 1977ஆம் ஆண்டிலேயே உலக சுகாதார நிறுவனத்தின் முதலாவது அத்தியாவசிய மருந்துப் பட்டியல் வெளிவந்தது. லிக்னொகேயின் அப்பட்டியலில் இடம்பெற்றது.

பட்டியலில் இருந்த மருந்துக்கும் திண்ணையில் இருந்த தாய்க்கும் இடையே குடா கிடந்தது, போரும் கிடந்தது. மூதூரிலிருந்து திருகோணமலைக்குக் கடல்வழியே லோஞ்சில் செல்ல வேண்டும். தரைவழி என்றால் ஆறுகளும் களப்புகளும் குறுக்கிட, ‘பாதை’ எனப்படும் மிதவையில் ஏறிக் கடக்க வேண்டும். கிண்ணியாப் பாலம் திறக்கப்பட்டது 2009இல் தான். கட்டைபறிச்சானில் இராணுவச் சோதனைச்சாவடி இருந்தது. சம்பூர்ப் பக்கத்து நோயாளி மூதூருக்கு வர அதனைத் தாண்ட வேண்டும். அது மூடப்படும் நாளில் நோய் பொறுத்துக் கொள்ள வேண்டியதுதான். 2006இல் அப்பிரதேசத்து மக்கள் மீண்டும் ஒருமுறை வீடுவாசல் இழந்து இடம்பெயர்ந்தனர். குண்டுக் காயத்துக்கே மருந்து தேடித் திரிந்த காலத்தில், வெளியே காயமேதும் தெரியாத முகவலியைப் பொருட்படுத்துவார் எவர்?

இன்று பாலங்கள் உள்ளன; பாதையும் திறந்திருக்கிறது. ஆனால் கடக்க வேண்டிய துறை இன்னும் ஒன்று எஞ்சியிருக்கிறது. அத்தாயின் பற்களைக் காவு கொண்டது மருந்தின்மை மாத்திரமன்று. தம் நோய்க்கு அவரிடம் ஒரு பெயர் இருக்கவில்லை. ‘மின்னல் வெட்டும்’ என்று அவர் சொன்ன சொல்லைவிடத் துல்லியமான குறி மருத்துவ நூல்களிலும் இல்லை. கேட்டவர் காதில் அது பல்வலியாக விழுந்தது. கிறீன் தமிழில் மருத்துவம் கற்பித்தமைக்கு அவர் கூறிய நியாயங்கள் பல இருக்கலாம். அவற்றுள் எனக்கு முதன்மையாகத் தோன்றுவது இதுவே: நோயாளி பேசும் மொழியில் கற்ற வைத்தியருக்கு, நோயாளி சொல்வது கேட்கும்.

ஆகவே, உலகெங்கும் பரந்து வாழும் என் வாசகர்களிடம் ஒன்று கேட்பேன். உங்கள் வீட்டு முதியவர் ஒருவர், முகத்தின் ஒரு பக்கத்தில் நொடிப்பொழுதில் வெட்டி மறையும் வலி என்றும், காற்றுப் பட்டாலும் பல் துலக்கினாலும் அது கிளம்புகிறது என்றும் சொன்னால், பல்லைப் பிடுங்குமுன் ஒருமுறை நரம்பைப் பற்றி வைத்தியரிடம் கேளுங்கள். பிடுங்கிய பல் மீண்டும் முளைப்பதில்லை.